காமெடியன்கள் தங்களுக்குள் மட்டும் சொல்லிக்கொள்ளும் அந்த 'அசிங்கமான' ஜோக்!

அமெரிக்க காமெடியன்களிடம் ஒரு ஜோக் உண்டு. மேடையில் அதைச் சொல்ல மாட்டார்கள். ஷோ முடிந்து கூட்டம் கலைந்த பிறகு, அவர்களுக்குள் மட்டும் சொல்லிச் சிரிப்பார்கள். பெயர், 'தி அரிஸ்டோகிராட்ஸ்'.

கதை என்னவோ சிம்பிள்தான். கலைஞர்களுக்கு வாய்ப்பு வாங்கித்தரும் ஏஜென்ட் ஒருவரைத் தேடி ஒருவர் வருகிறார். "சார், எங்க குடும்பமே சேர்ந்து ஒரு நிகழ்ச்சி பண்றோம்" என்கிறார். "என்ன பண்ணுவீங்க?" என்று கேட்டதும் ஆரம்பிக்கிறது வர்ணனை. அதை இங்கே எழுத முடியாது பாஸ்! அவ்வளவு ஆபாசம். மிரண்டுபோன ஏஜென்ட் கடைசியாக, "இதுக்கு என்ன பேரு?" என்கிறார். "உயர்குடிப் பெருமக்கள்!"

அட, இவ்வளவுதானா எனத் தோன்றும். நம்ம ஊர்க் கச்சேரியில் நிரவல் பாடுவதுபோலத்தான் இதுவும். பாட்டு வரி எல்லோருக்கும் தெரியும். அதை வைத்துக்கொண்டு பாடகர் எங்கெல்லாம் போய் வருகிறார் என்பதில்தான் ருசி. இந்த ஜோக்கிலும் ஆரம்பமும் முடிவும் மாறாது. நடுப்பகுதி அவரவர் கற்பனை.

2001 செப்டம்பர் 29. இரட்டைக் கோபுரம் இடிந்து 18 நாள்கள்தான் ஆகியிருந்தன. நியூயார்க்கில் 'பிளேபாய்' ஹியூ ஹெஃப்னரைக் கலாய்க்கும் 'ரோஸ்ட்' நிகழ்ச்சி. கில்பர்ட் காட்ஃப்ரைட் மைக் பிடித்தார். டிஸ்னியின் 'அலாவுதீன்' படத்தில் கிளிக்குக் கீச்சுக்குரல் கொடுத்தாரே, அவரேதான். கலிபோர்னியா போக நேரடி விமானம் கிடைக்கவில்லை, வழியில் எம்பயர் ஸ்டேட் கட்டடத்தில் நின்றுதான் போகுமாம் என்றார். அரங்கமே உறைந்துபோனது. "இவ்ளோ சீக்கிரமாவா?" என்று யாரோ கத்தினார்கள்.

வேறு யாராக இருந்தாலும் மன்னிப்புக் கேட்டு இறங்கியிருப்பார்கள். அவர் 'அரிஸ்டோகிராட்ஸை' எடுத்துவிட்டார். நிமிடங்கள் போகப் போக, முறைத்த அதே கூட்டம் கண்ணீர் வழியச் சிரித்தது. 2005-ல் பால் ப்ரொவென்சாவும் பென் ஜில்லெட்டும் இந்த ஜோக்கை வைத்தே ஓர் ஆவணப்படம் எடுத்தபோது, அந்த இரவுதான் அதன் உச்சக்காட்சி. படத்தில் சண்டை கிடையாது, நிர்வாணம் கிடையாது, வெறும் பேச்சுதான். ஆனாலும், ஏ.எம்.சி தியேட்டர்கள் திரையிட மறுத்துவிட்டன.

முதல் ஜோக்கில் ஒரு கெட்ட வார்த்தைகூட இல்லை. இரண்டாவதில் அதைத்தவிர வேறெதுவும் இல்லை. ஆனால், கூட்டம் கோபப்பட்டது முதலாவதுக்குத்தான். காரணம், அதன் பின்னால் நிஜமாகவே செத்தவர்கள் இருந்தார்கள். அரிஸ்டோகிராட்ஸ் குடும்பம் வெறும் கற்பனை. கேட்டவர்களில் பலரும் தொழில்முறைச் சிரிப்புக்காரர்கள்.

இதே காட்ஃப்ரைட் 2011 மார்ச்சில், ஜப்பான் சுனாமி வந்த சில நாள்களிலேயே ட்விட்டரில் அதைக் கிண்டலடித்தார். அங்கே நாலு சுவர் இல்லை. உடன் சிரிக்க சக காமெடியன்களும் இல்லை. சொந்தங்களைத் தேடிக்கொண்டிருந்தவர்களும் படிக்கக்கூடிய இடம் அது. அப்போது அவர் 'அஃப்லாக்' இன்ஷூரன்ஸ் விளம்பர வாத்துக்குக் குரல் கொடுத்துக்கொண்டிருந்தார். அந்த கம்பெனியின் வருமானத்தில் முக்கால்வாசி ஜப்பானிலிருந்துதான் வந்தது. உடனே வேலையை விட்டுத் தூக்கிவிட்டார்கள். வாத்துக்குப் புதுக்குரல் தேடி ஊர் ஊராக ஆடிஷனும் வைத்தார்கள்.