கெமிக்கல் இல்லாத வெட்டிவேர்

சித்திரை வெயில் ஆரம்பித்தால் அம்மா செய்யும் முதல் வேலை, பானையில் கிடக்கும் பழைய வெட்டிவேர் முடிச்சை எடுத்துப் போட்டுவிட்டுப் புதுசு போடுவது. ஒரு கைப்பிடி வேரை நாலு தண்ணீரில் அலசி, மண் போக உதறி, வெள்ளைத் துணியில் முடிந்து பானைக்குள் இறக்குவாள். மத்தியானம் வெயிலில் வந்து ஒரு சொம்பு குடித்தால், தண்ணீர் தொண்டைக்குள் இறங்குவதற்கு முன்பே வாசனை மூக்கில் ஏறிவிடும். அம்மா எழுதப் படிக்கத் தெரியாதவள். ஆனால் அவள் செய்தது சுத்தமான ரசாயன வேலை. இதைச் சொன்னதற்காகத்தான் என் மைத்துனன் ஐந்து மாதமாக என்னோடு பேசாமல் இருக்கிறான்.

நடந்ததைச் சொல்கிறேன். போன கார்த்திகையில் அவன் வீட்டுக்கு வந்தான். என் மனைவிக்கு ஒரே தம்பி. ஓய்வு பெற்றபோது வந்த பணத்தில் இரண்டு லட்சம் போட்டு ஏதோ ஒரு இயற்கைப் பொருள் கம்பெனிக்கு ஏஜென்சி எடுத்திருந்தான். பையிலிருந்து ஒரு பாட்டிலை எடுத்து மேஜைமேல் வைத்தான். 100 மில்லி. விலை 180 ரூபாய். 'சுத்தமான வெட்டிவேர் எண்ணெய். 100 சதவீதம் இயற்கை. கெமிக்கல் அற்றது' என்று பச்சை எழுத்தில் போட்டிருந்தது.

"படிங்க மாமா. ஒரு சொட்டு கெமிக்கல் கிடையாது."

"உள்ளே வெட்டிவேர் இருக்கா?"

"நூறு சதவீதம்."

"அப்போ கெமிக்கல் இருக்கு."

அவன் முகம் சுருங்கிவிட்டது. "நீங்க முப்பத்து மூணு வருஷம் கெமிஸ்ட்ரி வாத்தியாரா இருந்தவர். உங்களுக்கு எதைப் பார்த்தாலும் கெமிக்கலாத்தான் தெரியும்" என்று எழுந்து போய்விட்டான். காபி அப்படியே ஆறிக் கிடந்தது. "பணத்தைப் போட்டுட்டு வந்து நிக்கிறவன்கிட்ட இப்பவா பாடம் எடுக்கணும்?" என்றாள் மனைவி. நேரம் தவறு என்று ஒப்புக்கொள்கிறேன். விஷயம் தவறில்லை.

முதலில் என் குற்றத்தைச் சொல்லிவிடுகிறேன். ஒவ்வொரு ஜூன் மாதமும் பிளஸ் ஒன் முதல் வகுப்பில் "ரசாயனம் என்றால் என்ன, உதாரணம் சொல்லுங்கள்" என்று கேட்பேன். "ஆசிட் சார், பூச்சிமருந்து சார்" என்பார்கள் பிள்ளைகள். நானும் தலையாட்டிவிட்டு, மண்டையோடு படம் போட்ட பாட்டிலை எடுத்துக் காட்டுவேன். ஒருநாளாவது ஒரு பிடி வெட்டிவேரைக் கொண்டுபோய் மேஜைமேல் வைத்து, "இதுவும் ரசாயனம்தான், முகர்ந்து பாருங்கள்" என்று சொன்னதில்லை. இன்று பச்சை எழுத்து லேபிளை நம்புகிற தலைமுறையை உருவாக்கியதில் என்னைப் போன்ற வாத்தியார்களுக்கும் பங்கு உண்டு. அந்தக் கடனைத் தீர்க்கத்தான் இந்தப் பதிவு.

வெட்டிவேர் ஒரு புல். மேலே பார்த்தால் வாசனையே இல்லாத சாதாரணக் கோரை மாதிரி இருக்கும். சங்கதி எல்லாம் மண்ணுக்குள். அங்கே அந்தப் புல் ஐந்து கார்பன் அணுக்கள் கொண்ட துண்டுகள் மூன்றைக் கோத்து 15 கார்பன் சங்கிலி ஆக்குகிறது. பிறகு அதை மடித்து, வளையமாக்கி, அங்கங்கே ஆக்சிஜன் சேர்க்கிறது. ஒரே சங்கிலியை வேறு வேறு விதமாக மடிப்பதால் நூற்றுக்கும் மேற்பட்ட பொருட்கள் வருகின்றன. குசிமால், ஆல்ஃபா வெட்டிவோன், பீட்டா வெட்டிவோன் எல்லாம் அந்தக் கூட்டத்தில் சில பெயர்கள். ஒவ்வொன்றும் ஒரு கெமிக்கல். இவற்றையெல்லாம் நீக்கினால்தான் 'கெமிக்கல் அற்ற வெட்டிவேர் எண்ணெய்' கிடைக்கும். அதாவது காலி பாட்டில். காலி பாட்டிலிலும் காற்று இருக்கும், அதுவும் கெமிக்கல்தான்.

வெட்டிவோன் என்ற பெயரைக் கவனித்தீர்களா? நம் 'வெட்டிவேர்' என்ற சொல்தான் பிரெஞ்சுக்குப் போய், அங்கிருந்து ஆங்கிலத்துக்கும் போய், உலகமெங்கும் அந்தப் புல்லுக்குப் பெயராகிவிட்டது. ஹெயிட்டியிலும் ரீயூனியன் தீவிலும் பயிர் செய்கிறவர்கள் சொல்வதும் தமிழ்ச் சொல்தான். அந்தச் சொல்லையே வேராகக் கொண்டு வேதியியலாளர்கள் ஒரு மூலக்கூறுக்குப் பெயர் வைத்தார்கள். நாமோ அதே மூலக்கூறைத் 'தன்னிடம் இல்லை' என்று சொல்லும் பாட்டிலைக் காசு கொடுத்து வாங்குகிறோம்.

பீட்டா வெட்டிவோனின் கதை ஒன்று உண்டு. 1939இல் ஃபாவ், பிளாட்னர் என்ற இருவர் இதற்கு ஒரு வடிவம் சொன்னார்கள். ஐந்து கார்பன் வளையமும் ஏழு கார்பன் வளையமும் ஒரு பக்கத்தைப் பகிர்ந்துகொண்டு ஒட்டியிருக்கின்றன என்றார்கள். கிட்டத்தட்ட முப்பது வருடம் உலகமே அதை நம்பியது. 1967இல் அமெரிக்காவில் ஜேம்ஸ் மார்ஷல் என்பவரும் அவருடைய கூட்டாளியும் அந்தப் பொருளைத் தாங்களே தயாரித்துப் பார்த்து, அது தவறு என்று நிறுவினார்கள். ஐந்து கார்பன் வளையமும் ஆறு கார்பன் வளையமும் ஒரே ஒரு கார்பனில் கோத்துக்கொண்டு குறுக்காக நிற்கும் வடிவம்தான் சரி. பெரியவர்கள் சொல்லிவிட்டார்கள் என்று யாரும் சும்மா இருக்கவில்லை. சோதித்தார்கள், திருத்தினார்கள். கெமிஸ்ட்ரி என்று நான் சொல்வது இந்தப் பழக்கத்தைத்தான். பச்சை எழுத்து லேபிள் எந்தக் காலத்திலாவது தன்னைத் திருத்திக்கொண்டதுண்டா?

சரி, இவ்வளவு பொருட்களில் நாம் 'வெட்டிவேர் வாசனை' என்று அடையாளம் காண்பது எதை? இந்தக் கேள்விக்கு 2021 வரை உறுதியான பதில் இல்லை. அளவில் முன்வரிசையில் நிற்பது குசிமால். ஆனால் வாசனையின் உயிர் அதில் இல்லை. ஜெர்மனியில் பெஞ்சமின் லிஸ்ட் குழுவினரும் வாசனைத் துறை வேதியியலாளர் ஃபிலிப் கிராஃப்டும் சேர்ந்து, எண்ணெயில் இருக்கும் ஒரு கீட்டோனை 11 படிகளில் ஆய்வகத்தில் செய்து முகர்ந்து பார்த்தார்கள். அதுதான் வெட்டிவேர் வாசனை. ஒரு லிட்டர் காற்றில் 29 பிக்கோகிராம் இருந்தாலே மனித மூக்கு கண்டுபிடித்துவிடுகிறது. ஒரு கிராமை லட்சம் கோடிப் பங்காகப் பிரித்து, அதில் 29 பங்கு. கணக்குப் போட்டுப் பார்த்தேன். பத்தடிக்குப் பத்தடி அறை முழுவதும் மணக்க ஒரு மைக்ரோகிராம்கூட வேண்டாம். அம்மாவின் பானைத் தண்ணீர் எப்படி மணந்தது என்பது எனக்கு அறுபத்தைந்து வயதுக்கு மேல்தான் புரிந்தது. இந்த லிஸ்ட் அதே வருடம் நோபல் பரிசு பெற்றவர். பரிசு எந்த வகை வினைகளுக்காகவோ, அந்த வகை வினை ஒன்றைத்தான் இதிலும் ஒரு படியாகப் பயன்படுத்தியிருந்தார்கள்.

"வாத்தியாரே, சொல்லைப் பிடித்துக்கொண்டு தொங்காதீர்கள். கெமிக்கல் இல்லை என்றால் செயற்கையாக எதையும் சேர்க்கவில்லை என்று அர்த்தம். ஜனங்களுக்கு அது புரியும்" என்று நீங்கள் சொல்லலாம். என் மனைவியும் இதைத்தான் சொன்னாள். நியாயமான வாதம். அப்படியானால் அதையே எழுதட்டுமே? 'செயற்கை வாசனை சேர்க்கவில்லை' என்று எழுதினால் ஒருவன் சோதித்து, உண்மையா பொய்யா என்று சொல்லிவிட முடியும். 'கெமிக்கல் அற்றது' என்பதைச் சோதிக்கவே முடியாது. அதற்கு அர்த்தமே இல்லையே, எதைச் சோதிப்பது? அர்த்தம் இல்லாத வாக்கியத்தைப் பொய் என்று நிரூபிக்க முடியாது. வியாபாரிக்கு அந்த வாக்கியம் பிடித்துப்போனதற்குக் காரணம் அதுதான்.

இப்போது அந்தப் பாட்டிலுக்கு வருவோம். காய்ந்த வெட்டிவேரை ஆவியில் வடித்தால் எண்ணெய் சுமாராக நூற்றுக்கு ஒரு பங்கு கிடைக்கும். வேர் நல்லதாக இருந்தால் கொஞ்சம் கூடும், மட்டமாக இருந்தால் குறையும். அதுவும் லேசில் வராது. கனமான மூலக்கூறுகள், மெதுவாகத்தான் ஆவியோடு கிளம்பும். ஒரு கொப்பரைக்குப் பதினெட்டு, இருபத்துநாலு மணி நேரம் என்று அடுப்பு எரிய வேண்டும். எண்ணெயின் அடர்த்தியும் ஏறக்குறைய தண்ணீரின் அடர்த்திதான் என்பதால் இரண்டும் சட்டென்று பிரியாது, காத்திருக்க வேண்டும். ஆக 100 மில்லி எண்ணெய்க்குப் பத்துக் கிலோ காய்ந்த வேர் வேண்டும். பத்துக் கிலோ வேர், ஒரு நாள் விறகு, ஆள் கூலி, பாட்டில், லேபிள், கம்பெனி லாபம், என் மைத்துனன் கமிஷன், எல்லாம் சேர்த்து 180 ரூபாயா? நாலாம் வகுப்புக் கணக்கு இது. இதற்குக் கெமிஸ்ட்ரி வாத்தியார்கூட வேண்டாம்.

உள்ளே என்னதான் இருக்கிறது என்று என் மூக்கை வைத்துத் தீர்ப்புச் சொல்ல மாட்டேன். வேரை நல்லெண்ணெயில் ஊறவைத்த தைலமாக இருந்தால் 180 ரூபாய்க்குக் கொடுக்கலாம். அது நல்ல பொருளும்கூட, நானே தேய்த்துக் குளிப்பேன். ஆனால் அதை 'வெட்டிவேர் ஊறிய நல்லெண்ணெய்' என்று சொல்லி விற்க வேண்டும். ஏதோ ஓர் எண்ணெயில் செயற்கையான மர வாசனை கலந்ததாகவும் இருக்கலாம். செயற்கை என்பதாலேயே அது விஷமும் இல்லை, இயற்கை என்பதாலேயே அமிர்தமும் இல்லை. கிராம்பு எண்ணெய் நூறு சதவீதம் இயற்கை, நாக்கில் ஒரு சொட்டு விட்டுப் பாருங்கள் தெரியும். செயற்கையை இயற்கை என்று சொல்லிக் காசு வாங்குவதுதான் திருட்டு.

இதில் ஏமாறுவது வாங்குகிறவன் மட்டும் இல்லை. கடலூருக்குத் தெற்கே, நொச்சிக்காடு பக்கம் கடலோர மணலில் வெட்டிவேர் போடுகிறார்கள். மணல் என்பதால் வேர் அறுபடாமல் பிடுங்க வரும். அந்தப் பக்கத்தில் என் பழைய மாணவர் ஒருவர் இருக்கிறார். தை மாதம் அவர் கொல்லைக்குப் போயிருந்தேன். இந்த பாட்டில் கதையைச் சொன்னதும் சிரித்தார். "சார், ஒரு வருஷத்துக்கு மேல மண்ணுல விட்டா வாசம் ஏறும்னு எனக்கும் தெரியும். ஆனா வியாபாரி எடைக்குத்தானே காசு குடுக்குறான்? வாசத்துக்கு எவன் குடுக்குறான்? கடன்காரன் வந்து நின்னா முன்னாடியே பிடுங்கிடுவேன்" என்றார்.

எனக்குப் பொறுக்கவில்லை. அவருடைய வேரில் என்ன இருக்கிறது, எவ்வளவு இருக்கிறது என்று சொல்ல கேஸ் குரோமட்டோகிராஃப் என்ற கருவி இருக்கிறது. ஒரு துளி எண்ணெயை உள்ளே விட்டால், அதிலுள்ள பொருட்களை வரிசையாகப் பிரித்து மலைச்சிகரங்கள் மாதிரி கோடு போட்டுக் கொடுத்துவிடும். அதைவிட எளிமையான சோதனையும் உண்டு. எண்ணெய் வழியாக ஒளியைச் செலுத்தினால் வடஇந்தியக் காட்டுக் கஸ் எண்ணெய் அதை இடப்பக்கம் திருப்பும். நம் தென்னாட்டு எண்ணெய் வலப்பக்கம் திருப்பும். எந்த ஊர் வேர் என்பதைக்கூட மூலக்கூறு சொல்லிவிடும். பிரான்சிலும் ஸ்விட்சர்லாந்திலும் எண்ணெய் வாங்குகிறவன் இந்த அறிக்கையைக் கேட்டுத்தான் விலை பேசுகிறான். நாமோ "கெமிஸ்ட்ரியே வேண்டாம்" என்று கதவைச் சாத்திவிட்டோம். சாத்திய கதவுக்கு வெளியே நிற்பவர், பதினாறு மாதம் வேரை மண்ணில் வைத்துக் காக்கக்கூடிய என் மாணவர். உள்ளே உட்கார்ந்திருப்பவன், ஒரு கிலோ வேர்கூட வாங்காமல் 180 ரூபாய்க்கு வெட்டிவேர் எண்ணெய் விற்கிறவன்.

எனவே, அடுத்த தடவை யாராவது பச்சை எழுத்து பாட்டிலை உங்கள் மேஜையில் வைத்தால், கெமிக்கல் இருக்கிறதா என்று கேட்காதீர்கள். மூன்று கேள்வி கேளுங்கள். இது ஆவியில் வடித்ததா, வேறு எண்ணெயில் ஊறவைத்ததா? இந்த பாட்டிலுக்கு எத்தனை கிலோ வேர் பிடித்தது? சோதனை அறிக்கை எங்கே? நேர்மையான வியாபாரி மூன்றுக்கும் பதில் வைத்திருப்பார். அவரிடம் விலை கூடுதலாக இருந்தாலும் பேரம் பேசாமல் வாங்குங்கள்.

கடைசியாக என் மைத்துனனுக்கு. நீ இதைப் படிப்பாய் என்று உன் அக்கா சொல்கிறாள். தம்பி, உன்னை ஏமாற்றுக்காரன் என்று நான் சொல்லவில்லை. உன் இரண்டு லட்சமும் அந்த லேபிளை நம்பித்தான் போயிருக்கிறது, அதுதான் என் கவலை. பிரிக்காத பாட்டில் ஒன்று எடுத்துக்கொண்டு வா. சேர்ந்தே போய் ஒரு நல்ல ஆய்வகத்தில் கொடுப்போம். கட்டணம் என் பென்ஷனிலிருந்து. உள்ளே இருப்பது வடித்த வெட்டிவேர் எண்ணெய்தான் என்று அறிக்கை வந்தால், இதே இடத்தில் உன்னிடம் மன்னிப்புக் கேட்டு எழுதுகிறேன், பத்துப் பாட்டிலும் வாங்கிக்கொள்கிறேன். இல்லை என்று வந்தால், அந்த அறிக்கையைக் கையில் வைத்துக்கொண்டு கம்பெனியிடம் உன் பணத்தைக் கேட்போம். நானும் கூட வருகிறேன்.

வரும்போது காபி குடித்துவிட்டு வராதே. இந்தத் தடவை ஆற விடமாட்டேன்.