நிகாஹ் பேனாவில் பெயர் இருக்கிறது, கையொப்பம் எங்கே?



கொஞ்சம் நீளமான பதிவு. கலியாண வயதில் பிள்ளை உள்ள வாப்பா, உம்மாமார் கடைசி வரை வாசியுங்கள்.

கொரோனாக் காலத்தில் ஹோல் இல்லை, ஆயிரம் பேர் இல்லை, வீட்டு முற்றத்தில் முப்பது பேரோடு நிகாஹ் முடிந்தது. கலியாணம் செல்லுபடியானது, பரக்கத்தும் குறையவில்லை. 2022இல் விலைவாசி ஏறிய பிறகு சின்னக் கலியாணம் என்பது நமது ஊர்களில் மரியாதையான சொல்லாகவும் ஆகிவிட்டது. அல்ஹம்துலில்லாஹ், நல்ல மாற்றம்.

ஆனால் அந்தச் சின்னக் கலியாணத்துக்குள் இப்போது புதிதாக ஒன்று நுழைந்திருக்கிறது. "நம்ம கலியாணம் நம்ம மாதிரி இருக்க வேணும்" என்கிறார்கள். அதற்காக என்ன செய்கிறோம்? இருவரின் பெயர் எரியும் லைட் போர்ட். பெயர் அச்சடித்த சொக்லட் பெட்டி. செயற்கைப் பூவில் பின்திரை. ட்ரோன் கமரா. இருவரின் பெயரும் பொறித்த நிகாஹ் பேனா. எல்லாம் ஒரே பேஜில் ஓடர் பண்ணியவை. அக்கரைப்பற்றிலும் அதே பின்திரை, காத்தான்குடியிலும் அதே பின்திரை, பேருவளையிலும் அதே பின்திரை. பெயரை மட்டும் மாற்றினால் யாருக்கும் பொருந்துகிற ஒன்றை "நம்ம மாதிரி" என்று எப்படிச் சொல்வது?

அழகு ஹராம் என்று இங்கே யாரும் சொல்லவில்லை. பூ வைக்கட்டும், மருதோன்றி போடட்டும், பிள்ளைகள் ஆசைப்பட்டதை உடுக்கட்டும். நமது கேள்வி வேறு.

அந்த நிகாஹ் பேனாவையே எடுத்துக்கொள்வோம். அதில் மணமகளின் பெயர் பொன் எழுத்தில் இருக்கிறது. அதே பேனாவால் மணமகன் கையொப்பம் வைக்கிறார். பெண்ணின் வலி வைக்கிறார். நிகாஹ் நடத்தியவர் வைக்கிறார். யாருடைய வாழ்க்கை அன்று மாறுகிறதோ அந்தப் பிள்ளை மட்டும் வைப்பதில்லை. 1951ஆம் ஆண்டின் 13ஆம் இலக்க முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டம் அவளிடம் கையொப்பம் கேட்கவே இல்லை. சட்டத்தைத் திருத்த நீதியரசர் சலீம் மர்சூப் தலைமையில் 2009இல் குழு அமைத்தார்கள். அறிக்கை கையளிக்கப்பட்டது 2018இல். அந்த ஒன்பது வருடத்தில் ஆறாம் வகுப்புப் பிள்ளை உயர்தரமே எழுதி முடித்திருப்பாள்.

நாங்கள் ஆசிரியர்கள். சாதாரண தரப் பரீட்சை அனுமதி அட்டையில் இந்தப் பிள்ளைகள் கையொப்பம் வைப்பதைப் பக்கத்தில் நின்று பார்க்கிறவர்கள். அடையாள அட்டைக்கு அவள்தான் வைக்கிறாள். வங்கிக் கணக்குக்கு அவள்தான் வைக்கிறாள். வாங்கும் நுண்கடனுக்கும் அவள்தான் வைக்கிறாள், அதற்கு யாரும் வலியைத் தேடுவதில்லை! கலியாணத்துக்கு மட்டும் அவளது கை வேண்டாமாம்.

இதில் பெரிய வேடிக்கை, இப்போது ஃபிரேம் போட்ட அலங்காரச் சான்றிதழ் ஒன்றும் விற்கிறார்கள். அதில் இருவரும் கையொப்பம் வைத்துச் சிரித்துப் படம் எடுக்கிறார்கள். சுவரில் மாட்டும் காகிதத்துக்கு அவள் கையொப்பம் வேண்டும், நாளைக்குக் காழி நீதிமன்றத்துக்குக் கொண்டுபோகிற காகிதத்துக்கு வேண்டாம். இதற்குப் பெயர்தான் தனித்துவமா?

"பொம்புளைப் புள்ள வெட்கப்படும், மௌனம்தான் சம்மதம், ஹதீஸிலேயே இருக்கு" என்பார்கள். இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் அந்த ஹதீஸில் முதலில் இருப்பது கேட்க வேண்டும் என்ற கட்டளை. கேட்ட பிறகு வாய் திறக்க வெட்கப்படுகிறவளுக்குத்தான் அந்தச் சலுகை. கேள்வியே கேட்காத இடத்தில் மௌனம் எப்படிப் பதிலாகும்? கன்ஸா பின்த் கிதாம் ரழியல்லாஹு அன்ஹா அவர்களை, விருப்பமில்லாமல் வாப்பா மணமுடித்துக் கொடுத்தபோது, அந்த நிகாஹை நபி ஸல்லல்லாஹு அலைஹி வஸல்லம் அவர்கள் ரத்துச் செய்தார்கள். இது புஹாரியில் உள்ள செய்தி. ஜும்ஆ மேடையில் இதை எத்தனை தடவை கேட்டிருக்கிறோம்?

அடுத்தது மஹர். அது அவளுடைய உரிமை, மனமுவந்து கொடுங்கள் என்று குர்ஆன் சொல்கிறது. கையில் ஒன்றுமில்லாத ஸஹாபியிடம் இரும்பு மோதிரமாவது தேடிப் பாருங்கள் என்றார்கள். அதுவும் கிடைக்காதபோது, அவருக்குத் தெரிந்த குர்ஆனைக் கற்றுக்கொடுப்பதே மஹராக அமைந்தது. அந்தக் கலியாணத்தைவிடச் சின்னது எது? அதைவிட இருவருக்கே உரியது எது? நாமோ மஹரை இரண்டு பக்கத்து மாமாமார் நின்ற நிலையில் பேசி முடித்துவிட்டு, சொக்லட் பெட்டியின் நிறத்தை மட்டும் பிள்ளையிடம் கேட்கிறோம்.

சின்னக் கலியாணம் என்கிறோமே, யாருக்குச் சின்னது? நமது கிழக்குப் பக்கத்தில் பெண்ணின் வாப்பா வீடு கட்டிக் கொடுக்க வேண்டும். அதற்காக மத்திய கிழக்கில் வெயிலில் நின்றவர்கள், காணி விற்றவர்கள், உம்மாவின் நகையை அடகு வைத்தவர்கள் எல்லாத் தெருவிலும் இருக்கிறார்கள். அந்த வீட்டுச் செலவைக் கணக்கில் எடுக்காமல், ஐம்பது பேருக்குச் சோறு போட்டதை வைத்து "எளிமையான கலியாணம்" என்று போஸ்ட் போடுகிறோம். சீதனம் முழுசாக வாங்கிவிட்டு, சாப்பாட்டை மட்டும் குறைத்தால் அது எளிமை ஆகாது.

அந்த ஐம்பது பேரில் யார் வெட்டுப்பட்டார்கள் என்றும் பார்ப்போம். கமராக் குழுவுக்கு எட்டுப் பேர் வந்தார்கள். கொழும்பில் இருந்து முதலாளி வந்தார். அடுத்த வளவில் விதவையாக இருக்கும் சாச்சி இல்லை. பிள்ளைக்கு ஓதிக்கொடுத்த லெப்பை இல்லை. பணக்காரர்களை மட்டும் அழைத்து ஏழைகளை விட்டுவிடும் வலிமாவின் உணவைத்தான் உணவுகளிலேயே மோசமானது என்று ஹதீஸ் எச்சரிக்கிறது. ஆள் குறைக்க வேண்டுமென்றால் வெட்டு அங்கிருந்தா தொடங்க வேண்டும்?

சரி, என்ன செய்யலாம்? நாம் கேட்பது நாலு விஷயம். நாலுக்கும் பெரிய செலவில்லை.

ஒன்று, நாள் குறிப்பதற்கு முன்பே பிள்ளையிடம் தனியாகக் கேளுங்கள். அவள் நம்புகிற மாமியோ, சாச்சியோ, ராத்தாவோ கேட்கட்டும். பந்தல் போட்ட பிறகு கேட்பதில் அர்த்தமில்லை.

இரண்டு, மஹரை அவளே சொல்லட்டும். மாப்பிள்ளை தன் கையால் அவள் கையில் கொடுக்கட்டும்.

மூன்று, சட்டம் மாறும்வரை காத்திருக்கத் தேவையில்லை. சட்டம் அவள் கையொப்பத்தைக் கேட்கவில்லையே தவிர, தன் சம்மதத்தைத் தன் கையால் எழுதிக் கையொப்பமிட அவளுக்குத் தடை ஏதும் இல்லை. இரண்டு சாட்சிகளோடு அதை எழுதிக் காவின் சான்றிதழோடு வையுங்கள். பள்ளிவாசல் நிர்வாகம் இதற்கு ஒரு கொப்பி போடலாம். சந்தாவுக்குக் கொப்பி இருக்கிறது, சம்மதத்துக்கு ஒன்று இருக்கக் கூடாதா?

நாலு, அலங்காரம் வேண்டுமா, நம் ஊரில் இருந்து எடுங்கள். மருதமுனைத் தறியில் நெய்த சாரமும் சாரியும் இருக்கின்றன. மூத்தம்மாமார் பின்னிய பன்பாய் இருக்கிறது. அதை விரித்து, சஹனைச் சுற்றி உறவும் அயலும் ஒன்றாக இருந்து சாப்பிடுங்கள். வட்டிலப்பத்தை வீட்டிலேயே அவியுங்கள். கவி சொல்லத் தெரிந்த பாட்டி ஊரில் இன்னும் இருந்தால் கூப்பிட்டுச் சொல்லச் சொல்லுங்கள். அவருக்குப் பிறகு அதை எந்தப் பேஜிலும் ஓடர் பண்ண முடியாது.

"மாப்பிள்ளை வீட்டார் என்ன சொல்வார்கள்" என்று பயப்படுகிற வாப்பாமாருக்கு ஒரு வார்த்தை. பெண்ணின் சம்மதத்தை எழுத்தில் கேட்டதற்காக முகம் சுளிக்கிற வீடு எப்படிப்பட்ட வீடு என்பது நிகாஹுக்கு முன்பே தெரியவருவது நல்லதல்லவா?

பேனாவில் பெயர் பொறிப்பதை நிறுத்தச் சொல்லவில்லை. பொறித்த பேனாவை அவள் கையிலும் ஒரு தடவை கொடுங்கள்.

அல்லாஹ் நமது பிள்ளைகளின் வாழ்க்கையில் பரக்கத் செய்வானாக. ஆமீன்.

சரியென்று பட்டால் உங்கள் பள்ளிவாசல் வட்ஸ்அப் குரூப்பிலும் போடுங்கள். மாற்றுக் கருத்து இருந்தால் கீழே எழுதுங்கள், மரியாதையோடு பேசுவோம்.