மலைக்குள் ஒரு நகரம்

அண்ணாமலையின் வயிற்றுக்குள் ஒரு நகரம் உண்டு, அங்கே சித்தர்கள் வாழ்கிறார்கள், வெளியே யுகங்கள் கழிந்தாலும் உள்ளே பொழுது நகராது என்பது திருவண்ணாமலையின் பழைய நம்பிக்கை. 1896-இல் வந்து 1950 வரை இவ்வூரைவிட்டு அகலாத ரமணரும் மலைக்குள் ஒரு நகரத்தைக் கண்டதாக அன்பர்களிடம் சொல்லியிருக்கிறார். இம்மலை கிருத யுகத்தில் நெருப்பு, திரேதாவில் மாணிக்கம், துவாபரத்தில் பொன், கலியில் கல் என்கிறது தலபுராணம். திருமாலும் பிரம்மனும் அடிமுடி காணாத மலையை நாம் 14 கிலோமீட்டரில் சுற்றிவிடுகிறோம்! கிழக்கே ஒற்றை முகடாக நின்றது, சுற்றுப்பாதையிலுள்ள குபேர லிங்கத்தை நெருங்கினால் ஐந்து முகமாகப் பிரிந்து நிற்கிறது. எத்தனை முறை பார்த்தாலும் உடல் சிலிர்க்கும். மலைக்குள் நகரம் இருக்கட்டும், கவலையில்லை. மலைமேல் நகரம் ஏறுவதுதான் வயிற்றைக் கலக்குகிறது. 2024 டிசம்பர் 1 அன்று, ஃபெஞ்சல் புயல் மழையில் வ.உ.சி. நகர்ச் சரிவில் பாறையும் மண்ணும் இறங்கி 7 பேர் மாண்டார்கள். அவர்களில் 5 பேர் குழந்தைகள். போக்கிடம் இல்லாமல்தான் ஏழைகள் அங்கே குடியேறினார்கள். அவர்களுக்கு ஊருக்குள்ளேயே, வேலைக்குப் போய்வரும் தூரத்தில் அரசு வீடு கொடுக்க வேண்டும். அதன்பின் அந்தச் சரிவில் ஒரு செங்கல்கூட ஏறக் கூடாது.