பிறையில நம்ம கவி எங்க?

கொழும்பு வானொலியெல்லாம் சென்னைப் பாட்டுப் போடுது. போடட்டும், நாமளும் கேக்கிறம்தானே. ஆனா பிறை எப்.எம். இலங்கை ஒலிபரப்புக் கூட்டுத்தாபனம் நம்ம கரையோரத்துக்கெண்டு ஆரம்பிச்சது. அதுலயும் அதே பாட்டெண்டா தனியா ஒரு வானொலி என்னத்துக்கு?

நிந்தவூர் எஸ். முத்துமீரான் நம்ம நாட்டார் கவிகளைத் தேடித்தேடிப் புத்தகமாக்கினார். சொல் தப்பிச்சிட்டு. ராகம் கடதாசியில நிக்காது. அது கல்முனைக்குடியிலயும் சம்மாந்துறையிலயும் மூத்தம்மாமாரின் தொண்டையில இருக்கு, அவங்களோட போயிரும்.

பொம்பிளைக் குரல் வானொலியில கேக்கலாமா எண்டு சிலர் இழுப்பாங்க. வேளாண்மை வெட்டுக்குள்ள அவங்க பாடினப்போ ஊரே கேட்டதுதானே! விருப்பமில்லாதவங்களை வற்புறுத்த வேணாம். விருப்பமானவங்களை நாமளே போனில பதிஞ்சு குடுப்பம். பிறை கிழமைக்கு அரை மணித்தியாலம் தந்தாப் போதும்.