அரணாய் நின்றவர்

கால்பந்தாட்டத்தில் கோல் அடித்தவன் பெயரை ஊரே அறியும். கோல் விழாமல் காத்தவனுக்குக் கணக்கெழுதுவார் இலர். இந்த ஓரவஞ்சனையை நாம் ஏற்பதற்கில்லை. பந்தாட்டப் பித்துடைய நம் மாணவச் செல்வங்கள் மறுப்பார்களாயின், பிரெஞ்சுத் தற்காப்பு வீரர் லிலியன் துராமைச் சான்றுக்கு அழைப்போம்.

கரீபியன் கடலின் குவாதலூப் தீவில் 1972இல் பிறந்த அவர், ஒன்பதாம் வயதில் பிரான்சுக்கு வந்தார். மொனாக்கோ, பார்மா, யுவென்டஸ், பார்சிலோனா அணிகளில் ஆடினார். நாட்டுக்காக ஆடியவை 142 ஆட்டங்கள். அடித்த கோல்களோ இரண்டே! இரண்டும் 1998 உலகக் கோப்பை அரையிறுதியில், குரோவேஷியாவுக்கு எதிராக அடித்தவை. அன்று துராம் பின்தங்கி நின்றமையால்தான் சூக்கர் ஆஃப்சைடில் சிக்காமல் முதல் கோலை அடித்தார். அடுத்த நிமிடமே துராம் அதனை ஈடுசெய்தார். எழுபதாம் நிமிடத்தில் வெற்றிக் கோலும் அவருடையதே. இவ்வொரு நாளையே உலகம் கொண்டாடுகிறது. கோலின்றிக் காத்து நின்ற ஏனைய 141 ஆட்டங்களைப் பேசுவார் யார்? (அவருடைய 142 என்னும் பிரெஞ்சுச் சாதனையை 2022இல் கடந்த லோரிசும் கோல் காப்பாளரே!)

இதயக் கோளாறு கண்டறியப்பட்டதால் 2008இல் ஆட்டத்தைத் துறந்தார். அவ்வாண்டே நிறவெறிக்கு எதிரான கல்விக்கென அறக்கட்டளை நிறுவினார். களத்துக் காவலின் தொடர்ச்சியாகவே இதனை நாம் காண்கிறோம். பாரிஸ் பகுதிப் பள்ளியில், கேலிச்சித்திரக் கருப்புப் பசு ஒன்றின் பெயரிட்டுச் சக மாணவர் அவரை எள்ளியதுண்டு. பாடத்திலும் கருப்பர் அடிமைகளாகவே அறிமுகமாயினர். பிறரை இழிவாக எண்ணுதல் பிறவிக் குணமன்று, கற்பிக்கப்படுவது என்று பள்ளிப் பிள்ளைகளிடம் அவர் பேசிவருகிறார். 2010இல் கருப்பினப் பெருமக்களின் வரலாறுகளைத் தொகுத்து நூலாகவும் வெளியிட்டார்.