மாத்தளையிலிருந்து இருவர், எம்மவரில் எவருமில்லை

2024 நவம்பரில் நடந்த பொதுத் தேர்தலில் மாத்தளை மாவட்டத்துக்குரிய ஐந்து ஆசனங்களில் இரண்டு பெண்களுக்குக் கிடைத்தன. தேசிய மக்கள் சக்தியின் தீப்தி வாசலகே ஒருவர். ஐக்கிய மக்கள் சக்தியின் ரோஹிணி குமாரி விஜேரத்ன (கவிரத்ன என்றால்தான் பலருக்கு விளங்கும்) மற்றவர். ஐந்தில் இரண்டு என்பது நாற்பது வீதம். 225 பேர் கொண்ட சபையில் பெண்கள் இருபதைச் சற்றே தாண்டிய அந்தத் தேர்தலில், அதையே நாடு ஒரு சாதனையாகக் கொண்டாடிய வேளையில், மலைகளுக்கும் மிளகுத் தோட்டங்களுக்கும் நடுவே கிடக்கும் எமது மாவட்டம் கொழும்பைப் பார்த்துச் சிரித்திருக்கலாம்.

ரோஹிணிக்கு இது மூன்றாவது வெற்றி. 2015 இல் ஐக்கிய தேசியக் கட்சியில் முதன்முறையாக வென்றார். 2020 இலும் 2024 இலும் அவருடைய கட்சிக்கு மாத்தளையில் கிடைத்தது ஒரேயொரு ஆசனம். இரண்டு தடவையும் அந்த ஒன்று அவருக்கே போயிற்று. தன் பட்டியலிலிருந்த ஆண்கள் அத்தனை பேரையும் விருப்பு வாக்கில் முந்தினால்தான் அது நடக்கும். ‘பெண் நின்றால் ஆசனம் போய்விடும்’ என்று தேர்தலுக்குத் தேர்தல் ஓதப்படும் மந்திரத்துக்கு இதைவிடச் சுருக்கமான பதில் வேண்டுமா?

கொங்காவலையிலும் உக்குவளையிலும் வறக்காமுறையிலும் கலேவெலையிலும் எம்மவர் இந்த இரண்டு பட்டியல்களுக்கும் வாக்களித்திருக்கிறார்கள். வேலைக்கும் வீதிக்கும் கடிதம் கேட்டு இந்தப் பெண்களின் அலுவலகங்களுக்கு எம்மவர் போகிறார்கள். அதில் யாருக்கும் மார்க்கச் சங்கடம் வந்ததாகத் தெரியவில்லை. ஆக, பாராளுமன்றத்தில் ஒரு பெண் இருப்பதில் எமக்கு ஆட்சேபமில்லை. அவள் எங்கள் வீட்டுப் பெண்ணாக இருப்பதில்தான் ஆட்சேபம். இந்த இரட்டை நாக்கைப் பற்றித்தான் எழுத வேண்டியிருக்கிறது.

முதலில் கணக்கைப் பார்ப்போம். எம்மவர் கணக்கில் கெட்டிக்காரர்கள் என்பது ஊரறிந்த விடயம். ‘நாங்கள் சிறுபான்மை, வாக்கைப் பிரிக்க முடியாது, ஒருவரைத்தான் நிறுத்தலாம்’ என்பார்கள். அந்த ஒருவர் எப்போதும் ஆணாகவே இருப்பார். 2012 குடிசன மதிப்பீட்டின்படி மாத்தளை மாவட்டத்தில் முஸ்லிம்கள் நூற்றுக்கு ஏறத்தாழ ஒன்பது பேர். ஐந்து ஆசனங்களில் இது ஓர் ஆசனத்தின் பாதிக்கும் குறைவு. சிங்கள வாக்காளரும் தமிழ் வாக்காளரும் கைகொடுக்காமல் எங்கள் ஆண் எவரும் இங்கிருந்து பாராளுமன்றப் படியேற முடியாது. 2024 இல் ஏறவுமில்லை. பிறர் வாக்கை நம்பித்தான் ஆணும் நிற்கிறான் என்றால், பெண்ணுக்கு மட்டும் அது எப்படித் தடையாகிறது?

இன்னொன்று. வாக்காளன் ஒருவன் தான் தெரிந்த கட்சியின் பட்டியலில் மூன்று பேர் வரை விருப்பு வாக்கிடலாம். 1989 இலிருந்து இதுதான் நடைமுறை. ஐந்து ஆசன மாவட்டத்துக்கு ஒரு கட்சி எட்டுப் பேரை நிறுத்தலாம். அந்த எட்டில் ஒரு முஸ்லிம் ஆணும் ஒரு முஸ்லிம் பெண்ணும் இருந்தால் இருவருக்கும் வாக்கிட்டு, மூன்றாவதை வேறொரு சமூகத்தவருக்குக் கொடுத்து நல்லுறவும் வளர்க்கலாம். பிரிவதற்கு இங்கே வாக்கே இல்லை. பிரிந்து போகக்கூடியது சிலரின் ஏகபோகம்.

பெண்கள் பாராளுமன்றம் போன வரலாற்றையும் சற்றுத் திரும்பிப் பார்ப்பது நல்லது; அதை வைத்தும் எம்மை மடக்குகிறார்கள். 1931 இல் சர்வசன வாக்குரிமை வந்தது. அதே ஆண்டு நவம்பரில் ருவான்வெல்ல இடைத்தேர்தலில் அட்லின் மொலமூரே அரசாங்க சபைக்குத் தெரிவானார். அது அவருடைய தந்தை இறந்ததால் வெற்றிடமான ஆசனம். அடுத்த ஆண்டு கொழும்பு வடக்கில் நேசம் சரவணமுத்து வந்தார். அது கணவர் இழந்த ஆசனம். 1948 இல் அவிசாவளையில் குசுமசிறி குணவர்தனவும், அடுத்த ஆண்டு கண்டியில் தமரா குமாரி இலங்கரத்னவும் அப்படியே. 1960 இல் உலகின் முதற் பெண் பிரதமரானவரும் கொல்லப்பட்ட கணவரின் இடத்துக்கு வந்தவர்தான். 1947 இல் கிரியெல்லையில் வென்ற புளோரன்ஸ் சேனாநாயக்க போன்றவர்கள் விதிவிலக்கு. ‘பார்த்தீர்களா, பெண்கள் தாமாக வரவில்லை, ஆண்களின் கதிரையில் அமர்ந்தார்கள்’ என்பர் எம் நண்பர்கள். சரிதான். ஆனால் அந்தக் கதிரைகள் எல்லாம் எப்படி ஆண்களுடையனவாகின என்று அவர்கள் கேட்பதில்லை. தகப்பனிடமிருந்து மகனுக்கு ஆசனம் போனபோது அதைப் பாரம்பரியம் என்றார்கள். மகளுக்குப் போனால் அனுதாப வாக்கு என்கிறார்கள்.

எமது சமூகத்தில் தொடக்கம் ஒன்றும் மோசமாக இருக்கவில்லை. கேரளத்திலிருந்து இங்கு மணமுடித்து வந்து, கொழும்பு முஸ்லிம் மகளிர் கல்லூரியின் அதிபராக இருந்த ஆயிஷா ரவூப், 1949 இல் கொழும்பு மாநகர சபைக்குத் தெரிவானார். பின்னர் பிரதி மேயராகவும் இருந்தார். ஆனால் ஒரு முஸ்லிம் பெண் பாராளுமன்றம் போக அதற்குப் பின்னும் அரை நூற்றாண்டு பிடித்தது. 2000 செப்டெம்பர் 16 ஆம் திகதி எம்.எச்.எம். அஷ்ரப் ஹெலிகொப்டர் விபத்தில் மரணமானார். ஒரு மாதம் நிறையுமுன் நடந்த தேர்தலில் அவருடைய மனைவி பேரியல் அஷ்ரப் திகாமடுல்லையில் வென்றார், அமைச்சருமானார். கண்ணீரோடு வாக்களித்த சமூகம், கண்ணீர் காய்ந்ததும் அவருடைய தலைமைத்துவத்தைப் பற்றி என்னென்ன பேசியது என்பதைக் கிழக்கு நண்பர்கள் நினைவில் வைத்திருப்பார்கள். கைம்பெண் என்ற அடையாளத்தோடு வந்தால் மாத்திரம் கதவைத் திறப்போம் என்பது எந்த வகை நீதி?

கம்பஹாவிலிருந்து வந்த அஞ்ஜான் உம்மாவின் கதை வேறு. மக்கள் விடுதலை முன்னணியின் ஊழியராக வளர்ந்து, பெரும்பாலும் சிங்கள மக்கள் வாழும் மாவட்டத்திலிருந்து, அவர்களின் விருப்பு வாக்கைப் பெற்று 2004 தேர்தலில் வென்றவர். யாருடைய மரணமும் அவரைக் கொண்டுவரவில்லை. ‘எங்கள் பெண்ணுக்குச் சிங்களவன் போடமாட்டான்’ என்ற வாதம் அங்கேயே செத்துவிட்டது. ஆனால் எமது பத்திரிகைகளும், ஏன், எமது இலக்கியச் சஞ்சிகைகளும் அவரைப் பற்றி எத்தனை பக்கம் எழுதின? அவர் ‘நம்மவர்’ பட்டியலில் சேர்க்கப்படவே இல்லை. அவருடைய கட்சி அரசியலோடு உடன்படாமலிருக்கலாம். நானும் எல்லாவற்றிலும் உடன்படுபவன் அல்ல. அதற்காக அவரை இல்லாமலாக்க முடியுமா?

2010 க்குப் பின் இந்த இருவரும் சபையில் இல்லை. இன்றுள்ள பத்தாவது பாராளுமன்றத்தில் மலையகத் தமிழ்ப் பெண்கள் இருக்கிறார்கள். முஸ்லிம் பெண் ஒருவரும் இல்லை.

இதனால் என்ன குறைந்துவிட்டது என்று கேட்பவர்கள், 1951 ஆம் ஆண்டின் 13 ஆம் இலக்க முஸ்லிம் விவாக விவாகரத்துச் சட்டத்தை ஒருமுறை எடுத்துப் படிக்கட்டும். மணமகளின் கையொப்பம் அதில் அவசியமில்லை. வலி ஒப்பமிட்டால் போதும். காழியாக நியமிக்கப்படுபவர் ஆணாகவே இருக்க வேண்டும். பராமரிப்புப் பணத்துக்காகவும் பஸ்ஹுக்காகவும் காழியின் வாசலில் குழந்தையோடு காத்திருக்கும் பெண், தன் கதையை ஆண்கள் நிறைந்த அறையில்தான் சொல்ல வேண்டும். இதைத் திருத்த 2009 இல் நீதியரசர் சலீம் மர்சூப் தலைமையில் ஒரு குழு அமைந்தது. அறிக்கை வரவே 2018 ஆயிற்று, அதுவும் இரண்டாகப் பிளந்து வந்தது. 2019 இல் முஸ்லிம் பாராளுமன்ற உறுப்பினர்கள் கூடி எதை ஏற்பது, எதை விடுவது என்று பேசினார்கள். பேசப்பட்டது எங்கள் மகள்மாரின் திருமண வயது, அவர்களின் கையொப்பம், அவர்களின் தலாக். உறுப்பினர் என்ற தகுதியில் அதைப் பேச அங்கே ஒரு பெண்ணும் இல்லை. இருந்திருந்தால் எல்லாம் சரியாகியிருக்கும் என்று நான் சொல்லவில்லை. அந்தப் பெண் பழைய சட்டத்துக்கே வாதாடியிருக்கவும் கூடும். அப்போதும் அது பாதிக்கப்படுபவளின் வாயிலிருந்து வந்த வாதமாக இருந்திருக்கும்.

மார்க்கத்தைக் காட்டி வாயடைப்பவர்களோடு நீண்ட தர்க்கம் தேவையில்லை. ஹுதைபிய்யாவில் தோழர்களே தயங்கி நின்ற வேளையில் உம்மு ஸலமா (ரலி) அவர்களின் யோசனையை நபியவர்கள் ஏற்றுச் செயற்பட்டதை மத்ரஸா மாணவனும் அறிவான். ஸபஃ நாட்டு அரசி தன் பிரதானிகளோடு கலந்தாலோசித்ததைக் குர்ஆனே சொல்கிறது. இவை அரசியல் பதவிக்கு ஆதாரமாகா என்று மறுப்பவர் மறுக்கட்டும். ஆனால் அவர்தான் தேர்தல் நாளன்று காலையில் வான் பிடித்து எங்கள் உம்மாமாரை வாக்குச் சாவடிக்கு ஏற்றி அனுப்புகிறார். ஐந்து வருடத்துக்கு ஒருமுறை, ஒரு நாளைக்கு மட்டும், பெண் வெளியே வருவது கடமையாகிவிடுகிறது.

கொஞ்சம் நியாயமான தயக்கம் ஒன்று உண்டு. ‘அந்தச் சாக்கடைக்குள் நம் பிள்ளையை ஏன் தள்ளுவது?’ என்று கேட்கும் தகப்பனை நான் குறைசொல்ல மாட்டேன். ரோஹிணியின் அனுபவமே அவருக்குச் சாட்சி. 2022 மே மாதம், நாடு பெற்றோலுக்கு வரிசையில் நின்ற நாட்களில், பிரதிச் சபாநாயகர் பதவிக்கு அவருடைய பெயர் முன்மொழியப்பட்டது. பெண் ஒருவரை அந்தப் பதவிக்கு நியமிப்போம் என்று புதிய பிரதமரும் சொல்லியிருந்தார். ஆளும் தரப்பு ஓர் ஆணை நிறுத்தியது. 17 ஆம் திகதி இரகசிய வாக்கெடுப்பில் அஜித் ராஜபக்ஷவுக்கு 109, ரோஹிணிக்கு 78. நிராகரிக்கப்பட்டவை 23. சட்டம் இயற்றுவோருக்கு வாக்குச்சீட்டில் ஒரு பெயரை ஒழுங்காக எழுத வராமற் போனதும் அன்றுதான். சபைக்குள் பெண் உறுப்பினர்கள் எழுந்தால் எதிர்வரிசையிலிருந்து வரும் இரட்டை அர்த்தப் பேச்சுகள் தனி. அப்படியிருந்தும் 2024 இல் அவர் மறுபடி நின்றார், வென்றார். சாக்கடை என்று ஒதுங்கியிருந்தால் அதைச் சுத்தம் செய்ய வருவது யார் என்று அந்தத் தகப்பனிடம் பணிவாகக் கேட்கலாம்.

உள்ளூராட்சி மன்றங்களில் 25 வீத ஒதுக்கீடு 2018 தேர்தலில் நடைமுறைக்கு வந்தது. அதுவரை இரண்டு வீதமளவில் இருந்த பெண்கள் ஒரே தேர்தலில் ஐந்தில் ஒரு பங்கைத் தாண்டினார்கள். ஆனால் சட்டத்தில் ஓர் ஓட்டை. இருபது வீதத்துக்குக் குறைந்த வாக்கோடு மூன்றுக்குக் குறைந்த ஆசனம் பெறும் கட்சி, பெண்ணை நியமிக்க வேண்டிய கட்டாயமில்லை. மலைநாட்டில் எம்மவர் கேட்கும் சிறு கட்சிகளுக்கும் சுயேச்சைக் குழுக்களுக்கும் அது வசதியான குடை. வேட்புமனுவில் இடத்தை நிரப்ப மனைவியின் பெயரும் மச்சாளின் பெயரும் வேண்டும்; முடிவு வந்தபின் ஆசனம் ஆணுக்கு.

மத்திய மாகாண சபைக்குக் கடைசியாகத் தேர்தல் நடந்தது 2013 இல். அடுத்தது எப்போது வந்தாலும், மாத்தளைப் பட்டியலுக்கு ஒரு முஸ்லிம் பெயர் தேடிக் கட்சி அமைப்பாளர்கள் எம்மூர்களுக்கு வருவார்கள். வழக்கம்போல் கடைவீதியில் இரண்டு முதலாளிமாரிடமும் பள்ளி நிர்வாகத்தில் ஒருவரிடமும் விசாரிப்பார்கள். ஆமினா மகளிர் கல்லூரியில் முப்பது வருடம் படிப்பித்து ஓய்வுபெற்ற ஆசிரியைமார் இந்த நகரில் இருக்கிறார்கள். அவர்களிடம் படித்துச் சட்டத்தரணிகளாகவும் வைத்தியர்களாகவும் ஆனவர்கள் இருக்கிறார்கள். அந்த வீடுகளின் கதவையும் ஒருமுறை தட்டச் சொல்லி அமைப்பாளர்களிடம் சொல்லுங்கள். கதவைத் திறப்பவள் மறுத்தால் அது அவளுடைய முடிவு. இதுவரை யாரும் அவளைக் கேட்கவில்லை.