விலை நிற்கும்போதே வேலியை உயர்த்து!



தை பிறந்து மிளகு பழுக்க ஆரம்பித்தால் நம் மலையில் யாருக்கும் தூக்கம் கிடையாது. சில்வர் ஓக் மரத்தில் ஏணியைச் சாத்தி, உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு ஏறிப் பறிக்கிறோம். மிதித்து, காயவைத்து, பனி விழுந்தால் ஓடிப்போய் மூடி, மூணு கிலோ பச்சை மிளகில் ஒரு கிலோ காய்ந்த மிளகு எடுக்கிறோம். அதை மூட்டை கட்டி எழுபது கொண்டை ஊசி வளைவும் இறங்கிக் கொண்டுபோனால், "ஈரம் இருக்கு, கழிவு இருக்கு, கொச்சியில விலை இறங்கிடுச்சு" என்று யாவாரி ஒரு விலை சொல்கிறார். கொச்சியில் ஏன் இறங்கியது என்று நாம் கேட்டதுண்டா? கேட்காமல் விட்டதுதான் நாம் செய்த முதல் தப்பு.

கொஞ்சம் பின்னால் திரும்பிப் பாருங்கள். 2015, 2016 வாக்கில் கிலோ 600, 700 ரூபாய்க்கு மிளகு போட்டோம். அதை நம்பி வீடு கட்டியவர் உண்டு, மகளைக் கட்டிக் கொடுத்தவர் உண்டு, சாமை தினை விதைத்த காட்டிலும் கொடி நட்டவர் உண்டு. 2019, 2020-ல் அதே மிளகு 300, 350 என்று பாதியாகப் படுத்தது. நம் கொடி மாறவில்லை, மண் மாறவில்லை. பிறகு எது மாறியது?

மாறியது கடலுக்கு அந்தப் பக்கம். உலகத்திலேயே அதிகம் மிளகு விளைவிக்கிற நாடு இன்று வியட்நாம். அவர்கள் விளைச்சல் நம் நாட்டு விளைச்சலைப் போல இரண்டு மடங்குக்கும் மேல். அங்கே மிளகு குவிந்ததும் உலக விலை சரிந்தது. அந்தச் சரிவு நம் களத்து மேடு வரைக்கும் வர வழி திறந்து வைத்தது யார்? நாம் கையெழுத்துப் போடாத ஒப்பந்தங்கள்!

2000-ல் இந்தியா-இலங்கை சுதந்திர வர்த்தக ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்தது. அதன்படி இலங்கை மிளகு வருடத்துக்கு 2,500 டன் வரை சுங்க வரியே இல்லாமல் வரலாம். அதற்கு மேல் வந்தால் தெற்காசிய ஒப்பந்தப்படி 8 சதவீத வரிதான். 2009-ல் ஆசியான் நாடுகளோடு இன்னொரு ஒப்பந்தம். 70 சதவீதமாக இருந்த மிளகு வரியை 2019-க்குள் 50 ஆக இறக்க அதில் ஒப்புக்கொண்டார்கள். அந்த ஒப்பந்தத்தை எதிர்த்து 2009 அக்டோபர் 2-ல் கேரளத்தில் மனிதச் சங்கிலி நடந்தது. நம் மலையில் அன்றைக்கு ஒரு துண்டு நோட்டீஸ்கூட வரவில்லை. வெட்கத்தோடுதான் இதை எழுதுகிறோம்.

இப்போது கணக்கைப் பாருங்கள். நேராக வரும் வியட்நாம் மிளகுக்கு வரி 50 சதவீதம். அதே மிளகு "இலங்கையில் விளைந்தது" என்ற சான்றோடு வந்தால் 8 சதவீதம். இந்த இடைவெளியில்தான் கள்ளத்தனம் புகுந்துகொள்கிறது என்று கேரள, கர்நாடக மிளகு விவசாயிகள் பல வருடமாகப் புகார் சொல்லி வருகிறார்கள்.

அந்தக் கூக்குரலுக்குப் பிறகுதான் 2017 டிசம்பரில் மத்திய அரசு குறைந்தபட்ச இறக்குமதி விலையாக கிலோவுக்கு 500 ரூபாய் வைத்தது. 2018 மார்ச்சில், அதற்குக் கீழே விலை போட்டு இறக்குவதற்குத் தடையே விதித்தது. நல்லதுதான், வரவேற்கிறோம். ஆனால் அதற்குப் பிறகும் 2019-ல் நம் விலை ஏன் படுத்தது? வேலியில் ஓட்டை இருந்தது. 300 ரூபாய் சரக்குக்கு 500 என்று பில் போட்டு, 8 சதவீத வரியாக 40 ரூபாய் கட்டினால், அடக்கம் 340 தான். கூடுதலாகக் காட்டிய பணம் வேறு வழியில் திரும்பி வந்துவிடும் என்பதுதான் விவசாயிகளின் குற்றச்சாட்டு. இன்னொரு ஓட்டை, எண்ணெயும் சாறும் எடுத்து ஏற்றுமதி செய்வதாகச் சொல்லி இறக்கும் மிளகுக்கு இந்த 500 ரூபாய் விதி கிடையாது. அதில் எவ்வளவு ஏற்றுமதியானது, எவ்வளவு உள்ளூர் மண்டிக்குள் நழுவியது என்று விவசாயிக்குக் கணக்குக் காட்டுவது யார்?

"அதெல்லாம் பழைய கதைங்க, 2024-ல விலை திரும்ப 600-ஐத் தாண்டிருச்சே" என்று சிலர் கேட்கிறார்கள். தாண்டியது உண்மை. ஆனால் அது யாரும் நமக்குக் கொடுத்த வரம் இல்லை. விலை வீழ்ச்சியில் வியட்நாம் விவசாயியும்தான் அடிபட்டார். மிளகுக் கொடியை விட்டுவிட்டு காப்பிக்கும் டுரியன் பழத்துக்கும் போனார். அங்கே விளைச்சல் குறைந்தது, இங்கே விலை ஏறியது. அவர் நமக்கு எதிரி அல்ல, நம்மைப் போல ஏமாந்தவர். நாளைக்கே அவர் திரும்ப மிளகு நட்டால், மூணு நாலு வருடத்தில் அந்தக் கொடி காய்க்கும். அன்றைக்கு நம் கதி என்ன? 2017-ன் 500 ரூபாயும் இன்றைய 500 ரூபாயும் ஒன்றா? பறிகூலி எவ்வளவு ஏறியிருக்கிறது? உரமூட்டை எவ்வளவு ஏறியிருக்கிறது? வெள்ளம் வந்த பிறகு அணை கட்ட முடியாது. விலை நிற்கும்போதே வேலியை உயர்த்த வேண்டும்.

ஆகவே நம் சங்கம் கேட்பது இவைதான்:

1. குறைந்தபட்ச இறக்குமதி விலையைச் சாகுபடிச் செலவோடு சேர்த்துக் கணக்கிட்டு உயர்த்த வேண்டும். அவ்வப்போது திருத்த வேண்டும்.

2. எந்த நாட்டில் விளைந்தது என்ற சான்றைத் துறைமுகத்திலேயே தோண்டித் துருவிப் பார்க்க வேண்டும். 2020-ல் சுங்கத்துறைக்கு அதற்கென விதிகள் வந்துவிட்டன. அவற்றைக் காகிதத்தில் வைத்திருந்தால் போதாது.

3. ஏற்றுமதிக்கென்று இறக்கிய மிளகின் வரவு செலவை ஆண்டுதோறும் வெளியிட வேண்டும்.

4. மிளகுக்குக் குறைந்தபட்ச ஆதரவு விலை இல்லை. விலை விழும்போது மலையிலேயே கூட்டுறவுச் சங்கம் மூலம் கொள்முதல் செய்ய வேண்டும். உலர்களமும் ஈரமானியும் தர வேண்டும்.

நம் பக்கமும் சரி செய்ய வேண்டியது உண்டு. திருட்டுக்குப் பயந்து பிஞ்சில் பறிக்காதீர்கள், எடை நிற்காது. சாணித் தரையில், தார் ரோட்டில் காயப்போடாதீர்கள். பறிப்புக்கு முன்பே முன்பணம் வாங்கிக் கொடியை அடகு வைக்காதீர்கள். இன்னொன்று: விவசாயி விற்கும் மிளகுக்கு, பச்சையோ காய்ந்ததோ, ஜி.எஸ்.டி. கிடையாது என்று 2024 டிசம்பரில் ஜி.எஸ்.டி. கவுன்சிலே தெளிவுபடுத்திவிட்டது. வரி என்று சொல்லி யாராவது கழித்தால் விடாதீர்கள், சங்கத்துக்கு வாருங்கள்.

பேளுக்குறிச்சி சந்தைக்குச் சீரகமும் கடுகும் வெந்தயமும் வாங்க எங்கெங்கிருந்தோ வரும் சனம், "கொல்லிமலை மிளகு எங்கே?" என்று கேட்டு வாங்குகிறது. அந்தப் பேரை நம் பாட்டன் பூட்டன் சம்பாதித்துக் கொடுத்தார்கள். அதை இழந்துவிட்டு நிற்கலாமா?

கோரிக்கை மனுவில் வீட்டுக்கு வீடு கையெழுத்து வாங்குவோம். சங்கம் அறிவிக்கும் நாளில் வளப்பூர்நாடு, அரியூர்நாடு என்று பார்க்காமல், எல்லா நாட்டாரும் செம்மேட்டில் கூடுவோம். ஆளுக்கு ஒரு பிடி மிளகு கொண்டு வாருங்கள். அதிகாரி மேசையில் கொட்டி, "இதுக்கு என்ன விலைங்க?" என்று கேட்போம்.

ஒன்று கூடுவோம்! உரிமை கேட்போம்!